நன்றாகச் சாகத் தெரிந்தவர்

வெள்ளிக்கிழமை காலை உறை வந்துவிட்டால் அவர் உயிரோடு இருக்கிறார் என்று பொருள். வராவிட்டால் கதை முடிந்தது.

பன்னிரண்டு வாரமாகத் தவறாமல் வந்தது. பழுப்பு உறை, மேலே தொலைக்காட்சி நிலையத்தின் முத்திரை, உள்ளே ஐம்பது பக்கத்துக்கு வசனக் கட்டு. கொண்டுவருகிறவர் சைக்கிளைக் கீழே சாய்த்துவிட்டு மூன்று மாடி ஏறி, கதவுச் சட்டத்தைப் பிடித்துக்கொண்டு மூச்சு வாங்குவார். "இந்த வாரமும் பொழச்சிட்டீங்க போலிருக்கே," என்பார். வாங்கிக்கொள்ளும் நடிகரும் சிரித்துக்கொண்டே கையெழுத்துப் போடுவார். ஆள் படி இறங்கும் வரை உறையைப் பிரிக்க மாட்டார். பிரித்தால் கடைசிப் பக்கத்திலிருந்துதான் படிப்பார். மற்ற நடிகர்கள் தங்கள் முதல் வசனத்தைத் தேடுவார்கள். இவர் தேடுவது கடைசிப் பக்கத்தில் தன் வேஷமான 'காவலாளி' என்ற சொல் இருக்கிறதா என்பதை.

பதிமூன்றாவது உறையில் கடைசிப் பக்கத்தில் அது இல்லை. பின்னாலிருந்து புரட்டிக்கொண்டே வந்தார். நாற்பத்தொன்றாம் பக்கத்தில் இருந்தது. 'காவலாளி சுடப்படுகிறான். விழுகிறான். இறக்கிறான்.' மூன்றே வாக்கியம்.

"என்ன எழுதியிருக்கு?" என்று மனைவி அடுப்படியிலிருந்து கேட்டாள்.

"வழக்கம்போலத்தான். டார்ச் அடிக்கிறேன், யாரதுங்கிறேன்."

"அதுக்கு ஐம்பது பக்கமா?"

வசனக் கட்டை மடக்கிக் கால்சட்டைக்குள் செருகிக்கொண்டார்.

சாவு அவருக்குப் புதிதில்லை. பதினோரு வருஷத்தில் எழுபது எண்பது தடவை செத்திருக்கிறார். கத்தியில், குண்டில், பாலத்திலிருந்து விழுந்து, ரயிலடியில், ஒருமுறை குதிரை மிதித்து. தெருப்பிள்ளைகள் வைத்த பெயர் செத்த மாமா. "மாமா, இன்னைக்கு எப்படிச் செத்தீங்க?" என்று ஓடி வருவார்கள். "விஷம்டா, பாயசத்துல கலந்துட்டாங்க," என்பார். பிள்ளைகள் போய் வீட்டில் சொல்லும். வீட்டிலும் அதே பெயர்தான். மனைவியை, செத்த மாமா வீட்டம்மா என்பார்கள். ஆள் உயிரோடு இருக்கும்போதே இந்தப் பட்டம் கிடைத்த பொம்பளை நான் ஒருத்திதான் என்பாள் அவள்.

அதற்கு முன்னால் இருபது வருஷம் சுண்ணாம்புச் சூளை. மூட்டையைப் பள்ளத்தில் கவிழ்க்கும்போது வெள்ளைப் புகையாகத் தூசி எழும்பும். அது அடங்கும்வரை மூச்சு விடக்கூடாது. அறுபது எண்ண வேண்டும், காற்று எதிரே அடித்தால் தொண்ணூறு. கண்ணையும் கொட்டக்கூடாது. கொட்டினால் இமைக்குள் போய் எரியும். சூளை எடுத்துக்கொண்டது இடதுகைச் சுண்டுவிரலில் பாதி. கொடுத்தது இந்த மூச்சு. ஒருநாள் சினிமா ஸ்டுடியோவில் சுவர் பூச லோடு இறக்கப் போனபோது உள்ளே கொலைக் காட்சி நடந்துகொண்டிருந்தது. பிணமாகப் படுத்தவன் மூன்றாவது தடவையாக இருமினான். டைரக்டர் கையில் இருந்ததைத் தூக்கி எறிந்துவிட்டு, வாசலில் மூட்டையோடு நின்றவரைப் பார்த்து, "நீ வா, படு," என்றார். படுத்தார். காட்சி முடிந்து எல்லாரும் சாப்பிடப் போய்விட்டார்கள். இவரை எழுந்திருக்கச் சொல்ல யாருக்கும் ஞாபகம் வரவில்லை. திரும்பி வந்து பார்த்தபோதும் அப்படியே கிடந்தார். அன்று பிடித்த வேலை இது. அரை விரல் தெரியாமலிருக்க இடது கையை உடம்புக்கு அடியில் கொடுத்து விழுவார். அதையும் பெரிய நுணுக்கம் என்று நினைத்து இரண்டு பேர் பின்பற்றினார்கள்.

பிறகு ஊருக்குள் தொலைக்காட்சிப் பெட்டி வந்தது. ஊரில் இருந்த மூன்று ஸ்டுடியோவில் இரண்டு மூடிக் கிடங்காகிவிட்டன. சாவு குறைந்தது. மருத்துவர் எக்ஸ்ரே படத்தை ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்துவிட்டுச் சொன்னார்: "மறுபடி சூளைக்குப் போனீங்கன்னா என்கிட்ட வராதீங்க. நான் பாக்கிறதுக்கு ஒண்ணும் மிஞ்சாது." அந்தச் சமயத்தில் கிடைத்ததுதான் தொலைக்காட்சித் தொடரில் துறைமுகக் கிடங்கின் காவலாளி வேஷம். வாரா வாரம் வியாழக்கிழமை மாலை ஏழு மணிக்கு நேரடி ஒளிபரப்பு. முதல் வாரம் இரண்டு வரி. யாருக்காவது கைகொடுக்கும் முன் உள்ளங்கையைக் கால்சட்டையில் துடைத்துக்கொள்வார். அது அவர் சொந்தப் பழக்கம். ஜனங்களுக்குப் பிடித்துப்போனது. எட்டாவது வாரத்தில் வசனம் இரண்டு பக்கத்துக்கு வந்தது. அன்று வீட்டுக்கு வந்து மனைவியிடம், "நாளையிலிருந்து நீ போகவேணாம்," என்றார். ஆஸ்பத்திரிச் சலவைக்கூடத்தில் பத்தொன்பது வருஷம் கொதிதண்ணீர்த் தொட்டியில் கைவிட்டு நின்றவள் அவள். வேலையை விட்ட மறுநாளே அந்த இடத்துக்கு வேறு ஆள் வந்துவிட்டாள்.

ஆகவேதான் கட்டைக் கால்சட்டைக்குள் செருகிக்கொண்டார்.

திங்கட்கிழமை ஒத்திகையில் எழுத்தாளரை நிலையத்து உணவுக்கூடத்தில் பிடித்தார். முப்பது வயசு ஆள், தூக்கமில்லாத கண், கடித்துக் கடித்துப் பாதியான பென்சில்.

"தம்பி, அந்த நாப்பத்தொண்ணாம் பக்கம்..."

"தெரியும்ணே. எழுதும்போது எனக்கே கண்ணு கலங்கிருச்சு."

"கலங்கின கையோட கிழிச்சுப் போட்டிருக்கலாமே."

"நானா முடிவு பண்றேன்? சோப்புக் கம்பெனிக்காரங்கதான் விளம்பரம் குடுக்கிறாங்க. பதிமூணாவது வாரம் ஒரு சாவு வேணும்னாங்க. எல்லார் பேரையும் எழுதி மேஜைல வச்சோம். டைரக்டர் யோசிக்கவே இல்ல. நம்மகிட்ட நல்லாச் சாகத் தெரிஞ்சவர் அவர் ஒருத்தர்தான்னாரு. பாராட்டா எடுத்துக்குங்க."

"கையிலயோ கால்லயோ குண்டு பட்டா ஆகாதா? ஆஸ்பத்திரில படுத்துக்கிறேன். வசனமே வேணாம். முகத்துல கட்டுப் போட்டுக்கூடப் படுத்துக்கிறேன், தம்பி. சத்தமே வராது. படுக்கிறதுதான் நமக்குக் கைவந்ததாச்சே."

எழுத்தாளர் பென்சிலை வாயிலிருந்து எடுத்தார். "அது நல்லாத்தான் இருக்கும்," என்றார். பிறகு தலையை ஆட்டினார். "அடுத்த காட்சி சாவு வீடுண்ணே. செட்டு போட்டாச்சு. உங்க பொண்டாட்டியா அழுறதுக்கு ஒரு அம்மாவைப் பேசியாச்சு. கறுப்புத் துணி தைச்சு வந்தாச்சு."

"கதைல நான் போன வாரம் வரைக்கும் கல்யாணமே ஆகாதவன்."

"அழ ஆள் வேணும்ல."

வியாழக்கிழமை மாலை தளத்தில் அடுப்புக்குள் நிற்பதுபோல் விளக்கு வெக்கை. ஒரு மூலையில் கிடங்கு, அடுத்த மூலையில் சாவு வீடு, எதிர் மூலையில் சோப்பு விளம்பரத்துக்கான கைகழுவும் தொட்டி. கேமரா மூன்று. எது ஒளிபரப்பில் இருக்கிறதோ அதன் தலையில் சிவப்பு விளக்கு எரியும். தவறு நேர்ந்தால் திரும்ப எடுக்க முடியாது. தும்மினால் நாடே பார்க்கும்.

கதாநாயகனைப் பல்லழகர் என்பார்கள், முதுகுக்குப் பின்னால். பற்பசை விளம்பரத்திலிருந்து வந்தவர். வசனத்தை மனப்பாடம் செய்வதில் ஆள் புலி. வசனத்துக்கு வெளியே ஒரு வார்த்தை வராது.

நாற்பத்தொன்றாம் பக்கம் வந்தது. துப்பாக்கி வெடித்தது. அவர் அரைச் சுற்றுச் சுற்றி, தரையில் அடையாளத்துக்கு ஒட்டியிருந்த பட்டையின்மேல் தலை வருமாறு, இடது கை அடியில் போக, விழுந்தார். கண் திறந்திருந்தது. பல்லழகர் மண்டியிட்டுத் தலையைத் தூக்கி மடியில் வைத்துக்கொண்டார். இரண்டாவது கேமரா சத்தமில்லாமல் உருண்டு முகத்தை ஒட்டி வந்து நின்றது. சிவப்பு விளக்கு எரிந்தது. பல்லழகரின் இரங்கல் பேச்சு ஐம்பது நொடி.

ஒன்று, இரண்டு என்று எண்ண ஆரம்பித்தார். ஐம்பதைத் தாண்டினால் கேமரா நகர்ந்துவிடும். நகர்ந்துவிட்டால் நாளைக் காலை சைக்கிள் வராது. மூச்சை இழு என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டார். உடம்பு கேட்கவில்லை. முப்பது வருஷம் பழக்கிய உடம்பு, சொன்ன சொல் தட்டாத மாடுபோல, செத்தே கிடந்தது. இருபது. இழுடா. மார்பு அசையவில்லை. முப்பது. உண்மையாகவே செத்துவிட்டோமோ என்று ஒரு கணம் பயம் வந்தது. முப்பத்தெட்டில் தொண்டை திறந்துகொண்டது.

ஊரே கேட்கும்படி ஒரு மூச்சு இழுத்தார். கண்ணைக் கொட்டினார். வலது கையால் பல்லழகரின் சட்டையைப் பிடித்துக்கொண்டார்.

"இவர் நல்ல மனுஷன். யாருக்கும் ஒரு தீங்கும் நினைக்காத..." பல்லழகர் நின்றுவிட்டார். நெற்றியில் வேர்வை புறப்பட்டது. அவர் தளத்தை நடத்துகிற ஃப்ளோர் மேனேஜரைப் பார்த்தார். ஃப்ளோர் மேனேஜர் காகிதக் கட்டைப் பார்த்தார். காகிதத்தில் அதற்கு வசனமில்லை. சட்டையைப் பிடித்திருந்த கை விடுவதாகவும் இல்லை.

"உயிர் இருக்கு," என்றார் பல்லழகர், வாழ்நாளில் முதல் தடவையாகச் சொந்தமாக. "யாராவது... வண்டி. வண்டியக் கூப்பிடுங்க."

சிவப்பு விளக்கு இங்கே அணைந்து சோப்புத் தொட்டிப் பக்கம் எரிந்தது. விளம்பரப் பெண் நுரை பொங்கக் கை கழுவிச் சிரித்த ஒன்றரை நிமிஷத்தில் சாவு வீட்டை ஆஸ்பத்திரி வராந்தா ஆக்கினார்கள். படத்துக்குப் போட்ட மாலையைப் பிடுங்கினார்கள். நாற்காலியை வரிசையாகப் போட்டார்கள். 'அவர் போயிட்டாரே' என்று அழ வேண்டியவளிடம், 'அவர் போயிடுவாரோ' என்று அழச் சொன்னார்கள். அவள் பழம் தின்று கொட்டை போட்டவள். கறுப்புத் துணிமேல் யாருடைய மழைக்கோட்டையோ மாட்டிக்கொண்டு நன்றாகவே அழுதாள்.

ஒளிபரப்பு முடிந்ததும் டைரக்டர் கண்ணாடி அறையிலிருந்து இறங்கி வந்தார். சத்தம் போடவில்லை. அதுதான் பயமாக இருந்தது.

"எழுபது எண்பது தடவை செத்திருக்கீங்க. ஒருநாள் அசைஞ்சதில்ல. இன்னைக்கு என்ன?"

வேண்டுமென்றே செய்தேன் என்று சொல்ல நா எழவில்லை. உடம்பு முடியாதவனை யாரும் திட்ட மாட்டார்கள் என்று நினைத்தார். சூளையில் அப்படித்தான். "மூச்சு முட்டிருச்சுங்க ஐயா. நுரையீரல்ல கோளாறு. டாக்டர் சீட்டுகூட இருக்கு."

"எவ்வளவு நாளா?"

"ரெண்டு வருஷமா."

டைரக்டர் தலையை மெல்ல ஆட்டினார். தோளில் தட்டினார். "போய் ஓய்வெடுங்க," என்றார். பக்கத்தில் நின்ற ஃப்ளோர் மேனேஜர் குறிப்பேட்டில் ஏதோ எழுதிக்கொண்டார்.

வெள்ளிக்கிழமை சைக்கிள் வரவில்லை. அவர் ஜன்னலை விட்டு நகரவில்லை. "அந்த மனுஷனுக்குக் காய்ச்சலாயிருக்கும்," என்றாள் மனைவி. சனிக்கிழமை மதியம்வரை அவர் பல் துலக்கவில்லை. இரண்டு மணிக்குப் படியில் செருப்புச் சத்தம் கேட்டது.

"மன்னிச்சுக்குங்க, ராவெல்லாம் உக்காந்து மாத்தி எழுதினாங்களாம். இப்பத்தான் குடுத்தாங்க. நீங்க பெரிய ஆளு. சுட்டும் சாகலையே."

கடைசிப் பக்கத்தைப் புரட்டினார். 'காவலாளியின் மார்பு ஏறி இறங்குகிறது.' முன்னால் புரட்டினார். எல்லாப் பக்கத்திலும் இருந்தான். 'காவலாளி படுக்கையில். முகம் முழுக்கக் கட்டு.' வசனம் ஒன்றுகூட இல்லை. இருந்தால் என்ன, இல்லாவிட்டால் என்ன. அவர் அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டார்.

மனைவி வசனக் கட்டை வாங்கிப் பார்த்தாள். "முகமே தெரியாதா?"

"கட்டு அவிழ்க்கும்போது தெரியும்."

"அதுவரைக்கும் தூங்கறதுக்கு ஒரு வேஷம். நீங்க வாங்கி வந்த வரம்," என்றாள். அன்று அவள் பாட்டுக்கூட முணுமுணுத்தாள்.

திங்கட்கிழமை முகம் மழித்துவிட்டுப் போனார். கட்டுக்கு அடியில் தாடி அரிக்கும். தளத்தில் கிடங்கு இருந்த மூலையில் இரும்புக் கட்டில் போட்டிருந்தார்கள். கட்டிலில் ஏற்கெனவே ஓர் ஆள் உட்கார்ந்திருந்தான். ஒப்பனைக்காரம்மா அவன் தலையைச் சுற்றி வெள்ளைத் துணி சுற்றிக்கொண்டிருந்தாள். அவன் சாமான் வண்டி ஓட்டுகிறவன். பாதி சுற்றிய முகத்தோடு எழுந்திருக்கப் பார்த்தான். "அண்ணே, தப்பா எடுத்துக்காதீங்க," என்றான்.

ஃப்ளோர் மேனேஜர் விரைந்து வந்து அவரை ஓரமாகத் தள்ளிக்கொண்டு போனார். "நீங்க எப்படி வந்தீங்க?"

அவர் வசனக் கட்டை நீட்டினார்.

"அடக் கடவுளே. உறை அனுப்புற பட்டியல்ல பேரை எடுக்காம விட்டுட்டாங்க. தட்டச்சு பண்ற பொண்ணை என்னன்னு சொல்றது."

"வேஷம் இருக்கே. எல்லாப் பக்கத்துலயும் இருக்கேன்."

"காவலாளி இருக்காரு. ஜனங்க ஐந்நூறு கடுதாசி போட்டிருக்காங்க, பொழைக்க வைங்கன்னு. ஆனா நுரையீரல் கோளாறுன்னு நீங்களே சொல்லிட்டீங்க. நேரடி ஒளிபரப்புல ஒண்ணு கெடக்க ஒண்ணு ஆச்சுன்னா யார் பதில் சொல்றது? கட்டுக்குள்ள எந்த முகம் இருந்தா என்ன?"

"அவிழ்க்கும்போது?"

"தீக்காயம், முகமே மாறிப்போச்சுன்னு எழுதுறாராம்." கொஞ்சம் நிறுத்தி, ஆறுதல்போல, "கட்டு யோசனை உங்களுதாமே. எழுத்தாளர் சொன்னாரு. நல்ல யோசனை," என்றார். தட்டிக்குப் பின்னால் ஒரு பென்சில் நுனியும் ஒரு செருப்பும் தெரிந்தன. வெளியே வரவில்லை.

"பிணமாவது குடுங்க. எந்தக் கதையா இருந்தாலும் சரி."

"அண்ணே," ஃப்ளோர் மேனேஜர் தரையைப் பார்த்தார். "மூச்சு முட்டுற ஆளை எவன் பிணமாப் போடுவான்? வெள்ளிக்கிழமையே எல்லாக் கம்பெனிக்கும் சேதி போயிருச்சு." பிறகு, தயங்கித் தயங்கி, அவர் கையிலிருந்த வசனக் கட்டை வாங்கிக்கொண்டார். "இது வெளிய போகக்கூடாது."

அங்கிருந்து நேரே சூளைக்கு நடந்தார். மேஸ்திரிக்குத் தலைமுடி வெளுத்திருந்தது, அல்லது சுண்ணாம்பு. "வாய்யா சினிமாக்காரா. இங்க செத்தா கட்-டுன்னு சொல்லி எழுப்ப ஆள் கிடையாது, தெரியுமில்ல?" என்றான். ஏற இறங்கப் பார்த்தான். "மூணு நாள் பத்து மணிக்கு வா. உடம்பு தாங்குதான்னு பாக்கலாம். தாங்கினா வெள்ளிக்கிழமையிலேருந்து காலை அஞ்சு மணி ஆட்டம்."

செவ்வாயும் புதனும் வியாழனும் மூட்டை கவிழ்த்தார். முன்பு தொண்ணூறு எண்ணியவருக்கு இப்போது முப்பதுக்குமேல் போகவில்லை. முப்பத்தொன்றில் தூசியோடு உள்ளே இழுத்தார். சூளையோரம் ஓர் எண்ணெய்ச் சட்டி வைத்திருப்பார்கள், உடம்பைத் துடைத்துக்கொள்ள. வீட்டுக்கு வாடை தெரியக்கூடாது என்று மூன்று தடவை துடைத்துக்கொண்டு கிளம்புவார். "ஒத்திகை எப்படி?" என்று மனைவி கேட்பாள். "படுத்தே கெடக்கிறேன், முதுகுதான் வலிக்குது," என்பார்.

வியாழன் மாலை ஏழு மணிக்கு அவர் வீட்டில் இருக்க முடியாது. ஆகவே கடைத்தெருவில் பெட்டி விற்கிற கடையின் கண்ணாடி முன்னால், கூட்டத்தோடு கூட்டமாக நின்றார். சோப்புப் பெண் கை கழுவினாள். கட்டில் வந்தது. கட்டுப் போட்ட முகம். மார்பு ஏறி இறங்கியது, ஓடி வந்தவன் மூச்சு வாங்குவதுபோல. அப்படியா மூச்சு விடுவது, குண்டடி பட்டவன். போர்வைமேல் இரண்டு கையும் விரித்துக் கிடந்தன. பத்து விரலும் தெரிந்தன.

பக்கத்தில் நின்ற கிழவர் அவரைப் பார்த்தார். காதோரம் ஒட்டியிருந்த வெள்ளையைத்தான் பார்த்தார், முகத்தை இல்லை. "பொழச்சிக்குவானா?" என்று கேட்டார்.

"பொழச்சிக்குவான்," என்றார்.

"நல்ல மனுஷன். பொழைக்கட்டும்."

எட்டரை மணிக்கு வீட்டுப் படி ஏறினார். முதல் மாடியில் தையல்காரர் கதவைத் திறந்து வைத்துக் காத்திருந்தார். கட்டடத்திலேயே பெட்டி இருப்பது அவர் வீட்டில்தான். "மாமா, இத்தனை நாள் பாத்ததுல இன்னைக்குத்தான் உங்க நடிப்பு. மூச்சு விடுறதையே என்னமா விட்டீங்க. வீட்டம்மாகிட்டயும் சொன்னேன், ஒண்ணும் பேசாம எழுந்து போயிட்டாங்க. அழுகை வந்திருச்சு போல."

"இருக்கும்," என்றார். மீதி இரண்டு மாடிக்கு ஐந்து தடவை நிற்க வேண்டியிருந்தது.

கதவு திறந்தே இருந்தது. மேஜைமேல் ஒரு கிண்ணம் நிறைய எண்ணெய், பக்கத்தில் ஒரு பழைய துணி. சுண்ணாம்பு ஒட்டிய உடம்பில் முதலில் தண்ணீர் படக்கூடாது, வெந்துவிடும். எண்ணெய் தடவித் துடைத்துவிட்டுத்தான் குளிக்க வேண்டும். பதினோரு வருஷமாக அந்தக் கிண்ணத்துக்கு இந்த வீட்டில் வேலை இருந்ததில்லை.

"சட்டையக் கழட்டுங்க," என்றாள்.

கழற்றினார். அவள் இடது கையை எடுத்து விளக்கு வெளிச்சத்தில் பார்த்தாள். "டிவில சுண்டுவிரல் முளைச்சிருந்துச்சே. வீட்டுக்கு வர்றதுக்குள்ள உதிர்ந்திருச்சா?"

அவர் விரலை மடக்கிக்கொண்டார்.

"செவ்வாய்க்கிழமையே வாடை தெரிஞ்சுது. நீங்களா சொல்வீங்கன்னு பாத்தேன். நேத்து சலவைக்கூடத்துல போய்க் கேட்டேன். என் தொட்டி இல்லையாம். வேற தொட்டி குடுக்கிறாங்களாம், ரெண்டு பேர் வேலையை ஒருத்தியே பாக்கணுமாம். நாளைக்கு எத்தனை மணிக்கு எழுப்பணும்?"

"நாலரைக்கு."

"எனக்கும் அதான்."

பின்னால் வந்து நின்று காதுக்கடியில், பிடரியில், தோள்பட்டைக் குழியில் எண்ணெய் வைத்து அழுத்தித் தேய்த்தாள். துணி வெளுத்துக்கொண்டே வந்தது. வெந்திருந்த இடத்தில் விரல் பட்டபோது அவர் வழக்கம்போல மூச்சை அடக்கிக்கொண்டார்.

"விடுங்க," என்றாள். "இங்க கேமரா இல்ல."

விட்டார். இருமல் வந்தது. எண்ணெய்க் கிண்ணத்தை மூடி, துணியை அலசி, அடுப்பை அணைத்துவிட்டு அவள் திரும்பி வரும் வரைக்கும் அது நிற்கவில்லை.